பணியிட வசதிகள் குறித்த செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், குடியாத்தம், காட்பாடி, இராணிப்பேட்டை, ஆம்பூர்ப் பகுதிகளிலிருந்து வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். 2019இல் மாவட்டம் மூன்றாகப் பிரிந்த பின்பும், பழைய வேலூர் மாவட்டம் முழுவதிலும் வேலை பார்க்கும் மாற்றுத்திறனாளி ஊழியர்களுக்காகவே நம் சங்கம் இயங்கி வருகிறது. செயற்குழுக் கூட்டங்கள் குறைவின்றி நடந்தன. வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே படிப்பார். இவ்வாண்டு நாம் முழுமூச்சாகச் செய்த பணி ஒன்றுதான்: பணியிடத்தில் நமக்கு வேண்டிய வசதிகளை வாய்ப்பேச்சில் விடாமல் எழுத்தில் கேட்பது.

இந்த முடிவுக்கு வந்த காரணத்தைச் சொல்ல வேண்டும். காலணித் தொழிற்சாலை ஒன்றில் செக்கிங் மேசையில் வேலை பார்க்கும் நம் உறுப்பினர் ஒருவருக்கு, இளம்பிள்ளை வாதத்தால் ஒரு காலில் காலிப்பர் என்னும் தாங்கு சட்டம் உண்டு. அவர் சிரமப்படுவதைக் கண்ட சூப்பர்வைசர், உயரமான ஸ்டூல் ஒன்றைத் தாமாகவே வரவழைத்துக் கொடுத்தார். அவர் வேறு பிரிவுக்குப் போனதும், புதிதாக வந்தவர், எல்லோரும் நின்றுதானே பார்க்கிறார்கள் என்று கூறி அதை எடுத்துவிட்டார். அந்த அம்மா இரண்டு மாதம் வலியோடு நின்றே வேலை செய்த பிறகுதான் செய்தி நம்மிடம் வந்தது. முன்னவர் நல்ல மனிதர் என்பதில் ஐயமில்லை. ஆனால் ஒருவரின் நல்ல மனத்தை மட்டும் நம்பியிருக்கும் வசதி, அவர் இடம் மாறும்போது கூடவே போய்விடுகிறது. சங்கத்தின் கடிதத்தோடு அந்த அம்மா தம் கைப்பட எழுதிய விண்ணப்பமும் நிர்வாகத்துக்குச் சென்றது. ஸ்டூல் திரும்பி வந்தது. அனுமதியின் நகலும் அவர் கையில் இருக்கிறது.

மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம் 2016இல் இயற்றப்பட்டு 2017 ஏப்ரல் 19 முதல் நடைமுறையில் உள்ளது. மற்றவர்களுக்குச் சமமாக ஒருவர் தம் உரிமைகளை அனுபவிக்கத் தேவையான மாற்றங்களை, அளவுக்கு மீறிய சுமை ஏற்படாத வகையில் செய்து தருவதையே அது நியாயமான தகவமைப்பு என்கிறது. அதை மறுப்பதும் பாகுபாடுதான் என்று அதே சட்டம் சொல்வதை உறுப்பினர்களில் பலர் அறிந்திருக்கவில்லை. அரசு நிறுவனங்கள் இந்த வசதிகளைச் செய்து தர வேண்டும் என 20ஆம் பிரிவு கூறுகிறது. தனியார் நிறுவனங்களும் சம வாய்ப்புக் கொள்கையை வெளியிட வேண்டும் என்கிறது 21ஆம் பிரிவு. அரசு அலுவலகங்களில் குறைதீர் அலுவலர் ஒருவர் இருக்க வேண்டும். புகாரைப் பதிவு செய்த இரண்டு வாரங்களுக்குள் அவர் விசாரிக்க வேண்டும்.

பார்வையற்ற எழுத்தர் ஒருவரின் செய்தியைச் சற்று விரிவாகவே கூற விரும்புகிறேன். திரையைப் படித்துச் சொல்லும் என்விடிஏ மென்பொருள் இலவசமாகக் கிடைக்கிறது. அதைக் கணினியில் நிறுவ அலுவலகத்தில் யாரும் மறுக்கவில்லை. ஆனாலும் அவரால் வேலை செய்ய முடியவில்லை. கோப்புகளில் பாதி, தாளை ஸ்கேன் செய்த வெறும் படங்கள். மீதி, ஒருங்குறிக்கு (யுனிகோடு) முந்தைய பழைய எழுத்துருக்களில் தட்டச்சு செய்யப்பட்டவை. அவ்வகைக் கோப்பு கண்ணுக்குத் தமிழாகத் தெரிந்தாலும், கணினிக்கு ஆங்கில எழுத்துகளும் குறிகளுமாகவே இருப்பதால், மென்பொருள் அவற்றை அப்படியே உளறுகிறது. தமிழக அரசு 2010லேயே ஒருங்குறியை ஏற்று ஆணையிட்டிருப்பதை எடுத்துக்காட்டி, புதிய கோப்புகளையாவது ஒருங்குறியில் தருமாறு அவர் எழுதிக் கேட்டார். இப்போது அவருடைய பிரிவில் அப்படியே தருகிறார்கள். செலவு ஒரு ரூபாயும் இல்லை; எது தடையாக இருக்கிறது என்று அவரைக் கேட்க ஆள் இல்லாததுதான் இத்தனை நாள் குறையாக இருந்தது.

தொழுநோயிலிருந்து குணமடைந்தோரையும் இச்சட்டம் மாற்றுத்திறனாளிகளாகவே கணக்கிடுகிறது. 1955 முதல் கரிகிரி தொழுநோய் மருத்துவமனை இருக்கும் நம் ஊரில் இதை விளக்கத் தேவையில்லை. உணர்விழந்த கைக்குச் சூடும் தெரியாது, வெட்டும் தெரியாது. ஆகவே அவர்கள் பிடிக்கும் கத்திக்கும் சுத்தியலுக்கும் தடித்த, மென்மையான உறையிட்ட கைப்பிடி வேண்டும்; கொப்புளமோ காயமோ உண்டா என்று கைகளைப் பார்த்துக்கொள்ள வேலை நேரத்திலேயே சில நிமிடம் வேண்டும். இதே வேலூரில் 1954இல் விபத்தில் முதுகுத்தண்டு பாதிக்கப்பட்டு இரு கால்களும் செயலிழந்த டாக்டர் மேரி வர்கீஸ், சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவை சிகிச்சை செய்தார். உட்கார்ந்து செய்யக்கூடிய வேலை எது என்று தேடியதால் நமக்கு ஒரு மருத்துவர் மிஞ்சினார். 1966இல் பாகாயத்தில் மறுவாழ்வு நிலையமும் கிடைத்தது.

முதுகுத்தண்டு பாதிப்புள்ளோர் சிலருக்கு உடல் போதிய அளவு வியர்க்காது. வெயில் 40 டிகிரியைத் தாண்டும் மே மாதத்தில் தகரக் கூரைக்கு அடியில் அவர்களை உட்கார வைப்பது உயிருக்கே ஆபத்து. இதற்காக காலை ஷிப்டு கேட்டு எழுதிய இருவரில் ஒருவருக்கு மட்டுமே அனுமதி கிடைத்தது.

இன்னும் முடியாமல் இருக்கும் வேலையையும் பதிவு செய்கிறேன். பணிக்காலத்தில் விபத்தில் காலை இழந்த ஓட்டுநர் உறுப்பினரை, அவர் பணியாற்றும் அரசு நிறுவனம் விருப்ப ஓய்வு பெறுமாறு வற்புறுத்துகிறது. பணியில் இருக்கும்போது மாற்றுத்திறனாளியானவரை வெளியேற்றவோ பதவி இறக்கவோ கூடாது, அதே ஊதிய விகிதத்தில் வேறு பணி தர வேண்டும், அதுவும் இயலாவிட்டால் கூடுதல் பணியிடம் உருவாக்கி அதில் அமர்த்த வேண்டும் என்று சட்டம் தெளிவாகக் கூறியும், ஏழு மாதமாக அவருக்குப் பதில் இல்லை. குறைதீர் அலுவலரிடம் கொடுத்த மனுவுக்கும் பலன் இல்லாததால், அடுத்ததாக மாவட்ட அளவிலான குழுவை அணுகுகிறோம். விருப்ப ஓய்வுத் தாளில் கையெழுத்திட வேண்டாம் என்று அவரை மிகவும் கேட்டுக்கொண்டிருக்கிறோம். அவர் குடும்பத்தாரும் உறுதியாக உடன் நிற்கிறார்கள்.

எழுத்து விண்ணப்பத்தின் மாதிரிப் படிவம் வாயிலருகே உள்ள மேசையில் வைக்கப்பட்டிருக்கிறது. படித்துக்காட்டவும் நிரப்பித் தரவும் இரண்டு தோழர்கள் அங்கே இருக்கிறார்கள். நிர்வாகத்திடம் கொடுக்கும்போது நகலில் தேதியோடு கையொப்பம் பெற்று, அதில் ஒரு பிரதியைச் சங்கத்துக்கும் அனுப்புமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்