கழுத்திலிருந்து இறங்கி வந்த தசை

அன்புள்ள தம்பிக்கு,

நலமாக இருக்கிறேன். தையல் பிரித்துவிட்டார்கள். கஞ்சியை விட்டுச் சோற்றுக்கு வந்துவிட்டேன்.

பித்தப்பை அறுவை முடிந்த மறுநாள் வலது தோள் வலிக்கிறது என்று சொன்னதும் நீ பதறிப்போனாய். "வயிற்றில் அறுத்ததற்குத் தோள் ஏன் வலிக்கிறது? இதயத்தைப் பார்த்தார்களா?" என்று மூன்று தடவை கேட்டாய். மருத்துவர் அன்றைக்கே பார்த்துவிட்டார், இதயத்தில் ஒன்றும் இல்லை. வலியும் இரண்டு நாளில் போய்விட்டது. ஆனால் உன் கேள்வி நல்ல கேள்வி. அதற்குப் பதில் போனில் சொல்லி முடியாது.

லேப்ராஸ்கோப்பியில், அதாவது சிறு துளைகள் வழியாகக் கேமரா விட்டுச் செய்யும் அறுவையில், வயிற்றுக்குள் கரியமில வாயுவை நிரப்பி, இடம் உண்டாக்கிக்கொண்டுதான் வேலை செய்வார்கள். மிஞ்சிய வாயு மேலே ஏறி உதரவிதானத்தை உறுத்தும். உதரம் என்றால் வயிறு, விதானம் என்றால் மேற்கட்டி. பந்தலில் கட்டும் விதானத்தைப் போலவே வயிற்றுக்கு மேலே கவிந்திருக்கும் தசை அது. முன்னே நெஞ்செலும்பின் நுனி, பக்கங்களில் கீழ் ஆறு விலா எலும்புகள், பின்னே இடுப்பு முதுகெலும்புகள் என்று சுற்றிலும் பிடித்துக்கொண்டு, நடுவில் தசைநாராக முடிகிறது. கல்லீரல் கீழிருந்து தாங்குவதால் வலது பக்கம் சற்று உயரம்.

வினோதம் இனிமேல்தான். கருவில் நான்காம் வாரத்தில் இதன் முதல் அடையாளம் கழுத்துக்கு நேராகத் தோன்றுகிறது. இரண்டாம் மாதம் முடிவதற்குள் வயிற்றுக்கு மேலே இறங்கிவிடுகிறது. இறங்கும்போது தன் நரம்பையும் கூடவே இழுத்துக்கொண்டு வருகிறது. அதனால்தான் கழுத்துத் தண்டுவடத்தின் 3, 4, 5ஆம் நரம்புகளிலிருந்து புறப்படும் ஃப்ரெனிக் நரம்பு, இதய உறையை ஒட்டியே நெஞ்சு முழுவதும் கடந்து அவ்வளவு தூரம் வருகிறது. வலதுக்கு ஒன்று, இடதுக்கு ஒன்று. அதே 3, 4ஆம் நரம்புகள்தாம் தோள்பட்டைத் தோலுக்கும் உணர்வு தருகின்றன. இரண்டு இடத்துச் செய்தியும் ஒரே வாசலில் வந்து சேர்வதால் எங்கிருந்து வந்தது என்று மூளைக்குப் பிரித்தறியத் தெரியவில்லை, தோளில் வலி என்கிறது. என் தோளுக்கு ஒன்றுமே ஆகவில்லை, தம்பி.

இந்த நரம்பின் அருமையை நான் வார்டில் வேலை பார்த்தபோதுதான் தெரிந்துகொண்டேன். தென்னை மரத்திலிருந்து விழுந்த ஒருவரைக் கொண்டுவந்தார்கள். கழுத்து எலும்பு முறிந்து, ஆறாம் நரம்புக்குக் கீழே தண்டுவடம் நசுங்கியிருந்தது. கால்கள் அசையவில்லை, விரல்கள் மடங்கவில்லை. விலா இடைத் தசைகளும் செயலிழந்ததால் மூச்சை இழுக்கும்போது மார்பு உள்ளே போகும், வயிறு மட்டும் மேலே எழும்பும். அடி இன்னும் இரண்டு மூன்று எலும்பு மேலே பட்டிருந்தால் வென்டிலேட்டர் இல்லாமல் பிழைத்திருக்க மாட்டார். அந்த ஒரு தசைதான் அவரைக் காப்பாற்றியது. ஆனால் உதரவிதானம் மூச்சை உள்ளே இழுக்கத்தான் செய்யும், சளியை வெளியே தள்ள வயிற்றுத் தசைகள் வேண்டும். அவருக்கு அவை வேலை செய்யவில்லை. விலாவுக்குக் கீழே இரண்டு உள்ளங்கைகளையும் வைத்து, அவர் இரும முயலும் அதே நொடியில் மேல்நோக்கி அழுத்துவேன். சளி வந்ததும் அவர் கண்ணை மூடித் திறப்பார். நன்றி சொல்கிறார் என்று எனக்குப் புரியும்.

தசை சுருங்கும்போது குவிமாடம் கீழே இறங்கித் தட்டையாகிறது. நெஞ்சறை பெரிதாகிக் காற்று உள்ளே வருகிறது. தளர்ந்தால் மேலே போய்விடும், காற்றும் வெளியேறும். சாதாரண மூச்சுக்கு ஒன்றிரண்டு சென்டிமீட்டர் அசைந்தாலே போதும். நிமிடத்துக்குப் பதினைந்து என்று வைத்தால் நாளைக்கு 21,600 மூச்சு. நம் சித்தர் மரபில் சொல்லிவரும் கணக்கும் அதுவே.

பாப்பாவுக்கு அடிக்கடி விக்கல் வருகிறது என்று மருமகள் கவலைப்பட்டாளே, அதுவும் இதே தசையின் வேலைதான். உதரவிதானம் திடீரென்று வெட்டிச் சுருங்கும், உடனே குரல்வளை மூடிக்கொள்ளும். அந்தச் சத்தம்தான் விக்கல். பால் குடித்து வயிறு உப்பினால் குழந்தைக்கு எளிதில் வரும். கருவில் இருக்கும்போதே விக்கல் எடுக்கும். உனக்கு வந்தபோது உன் பாட்டி ஈர நூலை நெற்றியில் ஒட்டிவைப்பார். அப்படி வைப்பதில் கெடுதல் இல்லை. சர்க்கரைத் தண்ணீர் மட்டும் கொடுக்கவே வேண்டாம். தோளில் சாய்த்து ஏப்பம் விடச் செய், அதுவே போதும்.

வயிறு ஏறி இறங்குகிறதே என்றும் பயப்படாதே. பிறந்த குழந்தைக்கு விலா எலும்புகள் படுக்கைவசமாக இருப்பதால் நெஞ்சை அதிகம் விரிக்க முடியாது, வயிற்றால்தான் மூச்சு விடும். ஆனால் ஒவ்வொரு மூச்சுக்கும் விலாவுக்குக் கீழே குழி விழுந்தாலோ, மூக்குத் துளை விரிந்து விரிந்து மூடினாலோ, முனகினாலோ ஒரு நிமிடமும் காத்திருக்காமல் மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு போ. இதை மருமகளிடமும் காட்டிச் சொல்.

அடுத்த தடவை வீடியோ அனுப்பும்போது முகத்தை மட்டும் எடுக்காதே. பாப்பா தூங்கும்போது சட்டையை விலக்கி, வயிறு தெரிகிற மாதிரி ஒரு நிமிடம் எடுத்து அனுப்பு. நான் பார்க்க வேண்டும்.

அன்புடன்,
அம்மா