சீன் பேப்பரின் பின்பக்கம்: சுயாதீனப் படக்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள சுயாதீனப் பட இயக்குநர்களே, தயாரிப்பாளர்களே,

வணக்கம். பதினொரு வருடமாகச் சின்ன பட்ஜெட் படங்களில் நடிக்கிறேன். போலீஸ், பிணம், கதாநாயகியின் அண்ணன், வரவேண்டிய நடிகர் வராத ஒருநாள் இரண்டு வேடம். 'எதைக் கொடுத்தாலும் செய்வார்' என்கிறீர்கள். சந்தோஷம். அந்த 'எதை'யில் எழுத்தும் சேர்ந்துவிடுகிறதே, அதுதான் விஷயம்.

ஒரு படத்தில் அப்பாவும் மகனும் பேசும் காட்சி. ஸ்கிரிப்டில் இருந்தது ஒரே வரி: 'இருவரும் மனம்விட்டுப் பேசுகிறார்கள்.' அவ்வளவுதான். முந்தின நாள் இரவு மூன்று மணிவரை சீன் பேப்பரின் பின்பக்கத்தில் அடித்து அடித்து எழுதினேன். பல வருடம் கழித்து வந்து நிற்கும் மகனிடம் அப்பா எதுவும் கேட்பதில்லை. "சாவி அதே இடத்துலதான் இருக்கு" என்கிறார். படம் பார்த்தவர்கள் அந்த வரியைத்தான் சொன்னார்கள். டைட்டிலிலோ என் பெயர் நடிகர்கள் வரிசையில் மட்டும். கேட்டேன். "அது இம்ப்ரொவைசேஷன்தானே சார், நடிக்கும்போது தானா வர்றதுதானே" என்றார்கள். தூக்கம் கெட்டதற்கு இப்படியும் ஒரு பெயர்!

1995-இல் வந்த 'பிஃபோர் சன்ரைஸ்' என்ற ஆங்கிலப் படத்தில் தாங்களும் நிறைய எழுதியதாக அதில் நடித்த ஈதன் ஹாக்கும் ஜூலி டெல்பியும் பின்னாளில் சொன்னார்கள். திரைக்கதையில் அவர்கள் பெயர் கிடையாது. 2004-இல் அதன் தொடர்ச்சியான 'பிஃபோர் சன்செட்' வந்தபோது திரைக்கதையில் இயக்குநர் ரிச்சர்ட் லிங்க்லேட்டரோடு இருவர் பெயரும் இடம்பெற்றது. திரைக்கதைக்கான ஆஸ்கர் பரிந்துரையிலும் இருவர் பெயரும் இருந்தது. லிங்க்லேட்டருக்கு இதனால் என்ன குறைந்துவிட்டது? நடிகை கிரெட்டா கெர்விக்கின் பெயர் 2007-லேயே, சொற்பச் செலவில் எடுத்த 'ஹன்னா டேக்ஸ் த ஸ்டேர்ஸ்' படத்தின் எழுத்து வரிசையில் இருந்தது. அப்புறம் அவரே எழுதி இயக்கவும் செய்தார். எழுதத் தெரிந்த நடிகர் என்று நாலு பேருக்குத் தெரிந்தால்தானே அடுத்தவர் கூப்பிட்டு எழுதச் சொல்வார்?

சரி, 'ஆமா'வை 'ஆமாங்க' என்று மாற்றியவரெல்லாம் எழுத்தாளர் ஆகிவிட முடியாது. அப்படிக் கேட்கும் நடிகர்களும் இருக்கிறார்கள், எனக்கே எரிச்சல்தான். முழுக் காட்சியை எழுதியவருக்கு டைட்டிலில் 'கூடுதல் வசனம்' என்று ஒரு கார்டு போடுங்கள். ஒத்திகை தொடங்குமுன் அதை ஒப்பந்தத்தில் எழுதிவிடுங்கள். படம் முடிந்தபிறகு பேசினால் மனஸ்தாபம்தான் மிச்சம்.

அடுத்த மாதம் உங்களில் ஒருவர் படத்தில் நடிக்கிறேன். சீன் பேப்பர் வந்துவிட்டது. 42-ஆவது காட்சியில் 'இருவரும் சண்டை போடுகிறார்கள்' என்று மட்டும் இருக்கிறது. எழுதித் தரத் தயார். ஒப்பந்தத்தை முதலில் அனுப்புங்கள்.

இப்படிக்கு,
உங்கள் படங்களில் பிணமாகவும் நடித்தவன்