'வார்த்தையை மட்டும் மாற்றிக் கொடுங்கள்' என்று அனுப்புகிறவர்களுக்கு ஒரு திறந்த மடல்

வணக்கம்.

எழுதி முடித்த பிரதியைக் கையில் கொடுத்து மாற்றி எழுதச் சொல்கிற ஆசிரியர்கள், அதிகாரிகள், ஆவணம் தயாரிக்கிறவர்கள் எல்லோருக்கும்தான் இதை எழுதுகிறேன். உங்கள் மின்னஞ்சலில் பெரும்பாலும் ஒரு வரிதான் இருக்கும். "அர்த்தம் மாறக் கூடாது, வார்த்தைகளை மட்டும் மாற்றுங்கள், நாளைக்குள் வேண்டும்." அந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு ராத்திரி முழுக்க உட்கார்ந்திருக்கிறேன், ஒரு தடவை இரண்டு தடவை இல்லை.

நான் செய்த தப்பையே சொல்கிறேன். நோயாளிகளுக்கான குறிப்பு ஒன்று எக்செல் தாளில் துண்டு துண்டான வரிகளாக வந்தது. கடினமான வார்த்தைக்குப் பதில் எளிய வார்த்தை போட வேண்டும், அவ்வளவுதான் உத்தரவு. வயிற்றுப்போக்கு என்று இருந்த இடத்தில் எல்லாம் பேதி என்று போட்டேன். யாருக்கும் புரிகிற சொல், வீட்டில் எல்லோரும் சொல்கிற சொல். ஆனால் ஒரு வரியில் 'வயிற்றுப்போக்கு மாத்திரை' என்று இருந்திருக்கிறது, அது 'பேதி மாத்திரை' ஆகிவிட்டது. பேதி மாத்திரை என்றால் நம் வீடுகளில் என்ன அர்த்தம்? வயிறு சுத்தமாவதற்காகக் கொடுப்பது. போவதை நிறுத்த வேண்டிய மாத்திரை, போக வைக்கிற மாத்திரையாக மாறி நின்றது. அச்சுக்குப் போகும் முன் ஒரு செவிலியர் கண்ணில் பட்டதால் தப்பித்தோம். இப்போது நினைத்தாலும் எனக்கு வயிற்றைக் கலக்குகிறது. பேதி தப்பான சொல் இல்லை. 'பேதி ஆனால்' என்ற இடத்தில் சரியாகவே உட்காரும், பக்கத்தில் மாத்திரை வந்ததும் எதிர்ப்பக்கம் சாய்ந்துவிடுகிறது. வார்த்தைக்கு வார்த்தை என்று சொல்லாமல், இதை நோயாளி தானாகப் படித்து மாத்திரை போட்டுக்கொள்வார் என்று ஒரு வரி சொல்லியிருந்தால், 'பேதி நிற்பதற்கான மாத்திரை' என்று வரியையே திருப்பி எழுதியிருப்பேன்.

ஒரே பொருள் தரும் இரண்டு சொல் இருந்தால் எதை வேண்டுமானாலும் போடலாம் என்று நினைக்கிறீர்கள். தொல்காப்பியம் இதைப் பற்றி அன்றைக்கே பேசியிருக்கிறது. ஈ, தா, கொடு மூன்றும் ஒருவரிடம் ஒன்றைக் கேட்பதற்கான சொற்கள்தான், ஆனால் தாழ்ந்தவன் கேட்டால் ஈ, ஒத்தவன் கேட்டால் தா, உயர்ந்தவன் கேட்டால் கொடு. அந்தப் பிரிவு இன்றைக்கு அப்படியே இல்லை, வேறு உருவத்தில் இருக்கிறது. விண்ணப்பத்தை அலுவலகத்தில் 'சமர்ப்பிக்கவும்' என்று எழுதுகிறோம், 'கொடுக்கவும்' என்றும் எழுதலாம், 'வழங்கவும்' என்று மட்டும் எழுத முடியாது, ஏனென்றால் வழங்குவது மேலே இருப்பவர் கீழே இருப்பவருக்குச் செய்வது.

திவாகரம், பிங்கலம் போன்ற நிகண்டுகள் ஒரு பொருளுக்குப் பல பெயர்களை அடுக்கித் தந்தன, உண்மைதான். செய்யுள் எழுதுகிறவருக்கு எதுகையும் மோனையும் அமைய அது உதவியது. ஒப்பந்தத்துக்கு உதவாது. மூன்றாம் பிரிவில் 'முன்பணம்', அதே பணம் ஏழாம் பிரிவில் 'வைப்புத்தொகை' என்று நான் அழகுக்காக மாற்றி வைத்தால், படிக்கிறவர் இரண்டு தனித்தனித் தொகை என்றுதான் எடுத்துக்கொள்வார். அப்புறம் வழக்கு வரும். "ஒரே வார்த்தை திரும்பத் திரும்ப வருகிறதே" என்று சிவப்புக் கோடு போட்டு அனுப்புகிறீர்களே, சில பிரதிகளில் அது திரும்பத் திரும்ப வந்தே ஆக வேண்டும்.

'குழு அவர் சொன்னதைக் கேட்டது' என்று ஒரு வரி. செவிமடுத்ததா, அவர் சொன்னபடி நடந்ததா? இதை முன்பின் வரி இல்லாமல் எந்த அகராதியும் சொல்லாது, எனக்கும் தெரியாது.

நான் கேட்பது பெரிய விஷயம் இல்லை. யார் படிக்கப் போகிறார்கள், படித்துவிட்டு என்ன செய்ய வேண்டும் என்று சொல்லுங்கள். எதற்காக மாற்றச் சொல்கிறீர்கள் என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள். பழைய பிரதி கடினமாக இருக்கிறது என்றால் ஒரு வேலை, வேறொருவர் எழுதியதைப் போலத் தெரியக் கூடாது என்றால் அது முற்றிலும் வேறு வேலை, அந்த இரண்டாவதைச் சொற்களை மாற்றிச் செய்யவே முடியாது, செய்யவும் கூடாது. எந்தச் சொற்களைத் தொடக் கூடாது என்பதையும் ஒரு வரியில் எழுதிவிடுங்கள்.

நான் திரும்பக் கூப்பிட்டுச் சந்தேகம் கேட்டால், வேலை தெரியாமல் கேட்கிறேன் என்று தயவுசெய்து எடுத்துக்கொள்ளாதீர்கள். இனி எனக்குப் பிடிபடாத சொல்லை ஊகித்து மாற்றப்போவதில்லை. மஞ்சள் பூசி, பக்கத்தில் கேள்வியை எழுதி, உங்களிடம் இருந்து பதில் வரும் வரை அதை அப்படியே விட்டு வைப்பேன்.