குப்பம்மாவைப் பார்த்த மறுநாள்

அன்புள்ள தோழிக்கு,

சித்திரையில் வந்த உன் கடிதத்துக்குக் கார்த்திகையில் பதில் எழுதுகிறேன். திட்டுவதையெல்லாம் சேர்த்துவைத்து நேரில் திட்டிக்கொள். இங்கே அனைவரும் நலம். அம்மாவின் முழங்கால் வலிதான் அப்படியே இருக்கிறது.

நேற்றிரவு மகளோடு உட்கார்ந்து, துரை இயக்கிய 'பசி' பார்த்தேன். குப்பை பொறுக்கிப் பிழைக்கும் குப்பம்மாவாக நடித்த ஷோபாவைக் கண்டு வாயடைத்துப் போனவள், படம் முடிந்ததும், "இவர் பிறகு எந்தெந்தப் படங்களில் நடித்தார்?" என்று கேட்டாள். 1980 மே மாதம், 17 வயதிலேயே ஷோபா இறந்துவிட்டார் என்றேன். அதன்பின் அவள் கேட்டதெல்லாம் அந்த மரணத்தைப் பற்றித்தான். அவளைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. விடுதியில் விளக்கணைத்த பிறகு நாமும் அதைத்தானே பேசினோம்? அந்த உறுத்தலில் இரவு முழுக்கத் தூக்கமில்லை.

நடிப்பைப் பற்றி நாம் பேசவே இல்லையடி. 'நிழல் நிஜமாகிறது' படத்தில் வேலைக்காரப் பெண் திலகம், 'பசி'யில் குப்பம்மா: இருவருமே ஆணை நம்பி ஏமாறுகிறவர்கள், ஆயினும் திலகத்தின் மருண்ட பார்வையைக் குப்பம்மாவின் முகத்தில் ஓரிடத்திலும் காண முடியவில்லை. சேரியில் பிறந்து வளர்ந்தவளின் நடையும் பேச்சுமாக அவர் மாறியிருந்தார். 1979-ஆம் ஆண்டின் சிறந்த நடிகைக்கான தேசிய விருது அதற்குத்தான் கிடைத்தது. அதே ஆண்டு வந்த 'அழியாத கோலங்கள்' படத்தில், தம்மைவிடச் சில வயதே இளைய பையன்களுக்கு டீச்சராக நின்று, அந்த வயதுக்குரிய கனிவையும் நிதானத்தையும் எங்கிருந்து கொண்டுவந்தாரோ!

இனி நம் பழைய சண்டைக்கு வருகிறேன். 'முள்ளும் மலரும்' கடைசிக் காட்சி முழுக்க ரஜினியுடையது என்று நீ அன்று அடித்துச் சொன்னாய். 'செந்தாழம் பூவில்' பாட்டுக்குச் சரத்பாபுவை மட்டுமே பார்த்தவள் வேறென்ன சொல்வாய்! கல்யாணத்துக்குப் புறப்பட்ட கூட்டத்தை விட்டு ஷோபா நடித்த வள்ளி, அண்ணன் காளியாக வரும் ரஜினியிடம் ஓடிவருகிறாளே, அந்த ஓட்டத்தைப் பார். அண்ணன் ஒப்பவில்லையென்றால் அந்த வாழ்வே வேண்டாம் என்பதை அவள் வாய் திறந்து சொல்வதற்கு முன்பே அந்தக் கால்கள் சொல்லிவிடுகின்றன. அந்த ஓட்டம் பொய்யாக இருந்திருந்தால், அதன்பின் காளியின் மனம் இளகுவதை நாம் நம்பியிருப்போமா? அந்தப் படம் வந்தபோது ஷோபாவுக்கு 15 வயது.

பொங்கலுக்கு நீ வரும்போது மகளுக்கு அந்தப் படத்தைத்தான் காட்டப் போகிறேன். அதற்குமுன் நீ ஒருமுறை பார்த்துவிட்டு எழுது.

அன்புடன்,
உன் அறைத்தோழி