யார் சார்பில் வந்தாய் என்று சேவையைக் கேட்க வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

நம் தரவை இணையம் வழியே வேறொரு நிறுவனத்தின் கணினிகளில் வைத்துப் பயன்படுத்தும் மேகக் கணிமையின் பாதுகாப்பு பற்றி அண்மையில் தங்கள் நாளிதழில் வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். கடவுச்சொல்லையும் ஓடிபியையும் காப்பது பற்றி அது சொன்னதெல்லாம் சரியே. ஆனால் கடவுச்சொல் எதுவும் திருடு போகாமலேயே, ஒரு சேவை (அங்கே தானாக வேலை செய்யும் மென்பொருள்) இன்னொரு சேவையை அணுகும் வழியில் நடக்கக்கூடிய அத்துமீறலைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. கம்பத்தில் ஏலக்காய் வியாபாரிகளின் கணினிக் கணக்குகளைப் பார்த்துவருபவன் என்பதால், இதை எழுதுவது என் கடமை என்று கருதுகிறேன்.

எங்கள் பகுதிக் கிடங்கு ஒன்றை நினைத்துக்கொள்ளுங்கள். இடுக்கி மலையிலிருந்து வரும் பல விவசாயிகளின் மூட்டைகள் அங்கே அடுக்கியிருக்க, எல்லா அறைகளுக்கும் சாவி ஒரே மேஸ்திரியிடம் இருக்கிறது. ஒருவர் வந்து, இன்னொருவருடைய மூட்டை எண்ணை எழுதிய சீட்டை நீட்டுகிறார். மேஸ்திரி நேர்மையானவர்தான், ஆனால் சீட்டைக் கொடுத்தவருக்கு அந்த மூட்டையில் உரிமை உண்டா என்று பாராமல், தம்மிடம் சாவி இருக்கிறது என்பதற்காகவே எடுத்துக் கொடுத்துவிடுகிறார். மேகக் கணிமையில் சேவைகளுக்கு இடையே ஏற்படும் குழப்பமும் இதுவே.

எங்களுக்கே இது நேர்ந்தது. வியாபாரி ஒருவரின் சேமிப்பிடத்தில், அவருக்குத் தொடர்பே இல்லாத பதிவுக் கோப்புகள் (கணினியில் நடந்தவற்றைக் குறித்துவைக்கும் ‘லாக்’ கோப்புகள்) ஒரு நாள் வந்து கிடந்தன. அதை அமைத்துக்கொடுத்த மென்பொருள் நிறுவனம், பதிவுகளைக் கொண்டுவந்து வைக்கும் சேவைக்கு எழுதும் அனுமதியைக் கொடுத்திருந்ததே தவிர, அந்தச் சேவை எந்தக் கணக்கின் சார்பில் வரலாம் என்று வரையறுக்காமல் விட்டிருந்தது. வேறெங்கோ ஒருவர் தம் அமைப்பில் எங்கள் சேமிப்பிடத்தின் பெயரைக் குறிப்பிட்டிருக்கிறார். சேவையும் அப்படியே கொண்டுவந்து வைத்துவிட்டது. அன்று இழப்பு ஏதுமில்லை. எழுதும் அனுமதிக்குப் பதில் படிக்கும் அனுமதி அவ்வாறு திறந்து கிடந்திருந்தால், விவசாயிகளின் பெயரும் எடையும் வங்கிக் கணக்கு எண்ணும் வெளியே போயிருக்கும்.

இது புதிய கண்டுபிடிப்பும் அன்று. நார்ம் ஹார்டி என்னும் கணினி அறிஞர் 1988ஆம் ஆண்டிலேயே இதை விளக்கி எழுதியிருக்கிறார். அவர் சொன்ன நிகழ்வில், நாம் எழுதும் நிரலைக் கணினி இயக்கும் வடிவத்துக்கு மாற்றும் கம்பைலர் என்ற மென்பொருளுக்குத் தன் புள்ளிவிவரக் கோப்பை எழுதுவதற்காகத் தனி அனுமதி தரப்பட்டிருந்தது. பயனர் ஒருவர் தம் வெளியீட்டுக் கோப்பின் பெயராகக் கட்டணக் கணக்குக் கோப்பின் பெயரைக் கொடுக்க, கம்பைலர் தன் அனுமதியைக் கொண்டு அதன்மேலேயே எழுதிவிட, கட்டண விவரங்கள் அழிந்துபோயின.

தடுக்கும் வழி கடினமானதன்று. அமேசானின் மேகக் கணிமையில், சேவைக்கு அனுமதி தரும் விதியோடு ‘சோர்ஸ் அக்கவுண்ட்’ (எந்தக் கணக்கின் சார்பில்), ‘சோர்ஸ் ஏஆர்என்’ (அந்தக் கணக்கில் உள்ள எந்த வளத்துக்காக, அதாவது எந்த அமைப்புக்காக) என்ற நிபந்தனைகளைச் சேர்க்கலாம். நம்முடைய 12 இலக்கக் கணக்கு எண்ணின் சார்பில், நாம் குறிப்பிட்ட வளத்துக்காக வந்தால் மட்டுமே சேவை உள்ளே வர முடியும். வெளி நிறுவனம் ஒன்று நம் கணக்கிற்குள் வந்து வேலை செய்ய வேண்டுமானால், அந்த நிறுவனம் தன் ஒவ்வொரு வாடிக்கையாளருக்கும் தனித்தனியாக ‘எக்ஸ்டர்னல் ஐடி’ என்ற அடையாள எண் வழங்க வேண்டும். அதை நம் அனுமதி விதியில் நாம் எழுதிவைக்க வேண்டும். வாடிக்கையாளர் தாமே விரும்பிய எண்ணைத் தேர்ந்துகொள்ள விட்டால் இந்த ஏற்பாட்டுக்குப் பொருளே இல்லை. பிறருடைய எண்ணையும் ஒருவர் தமதாகச் சொல்லிவிடலாம்.

2023ஆம் ஆண்டின் தனிநபர் மின்னணுத் தரவுப் பாதுகாப்புச் சட்டப்படி, தரவைக் கையாளும் வேலையை வேறொருவரிடம் ஒப்படைத்தாலும் பொறுப்பு ஒப்படைத்தவரையே சேரும். உரிய பாதுகாப்பைச் செய்யாவிட்டால் அபராதம் ரூ.250 கோடி வரை போகலாம். எனவே பில் போடும் மென்பொருளை வாங்கும் வியாபாரிகளும் சங்கங்களும் விலையைப் பேசி முடிக்கும் முன், எந்தெந்தச் சேவை யார் சார்பில் தங்கள் சேமிப்பிடத்தைத் தொடலாம் என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்ள வேண்டுகிறேன். தங்கள் நாளிதழும் இது குறித்து ஒரு விரிவான கட்டுரை வெளியிட்டால், எல்லையின் இருபுறமும் உள்ள எங்களைப் போன்றோருக்குப் பயன்படும்.

இப்படிக்கு,
கணக்கர் ஒருவர், கம்பம்