ஆசிரியருக்குக் கடிதம்: பென்னி பத்திரிகைக்கு அஞ்சிய அரசு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பிரிட்டனில் அரசின்மைவாதம், அதாவது அரசே இல்லாமல் மக்கள் தாமே கூடி வாழலாம் என்னும் அனார்க்கிசக் கொள்கை, வளர்ந்த வரலாற்றைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். தமிழில் அதிகம் பேசப்படாத பொருளைக் கையில் எடுத்ததற்குக் கட்டுரையாளரைப் பாராட்ட வேண்டும். ஆனால் கட்டுரையின் பாதியை கிரீனிச் குண்டுக்கும் சிட்னி தெரு முற்றுகைக்கும் கொடுத்துவிட்டாரே! 1894 பிப்ரவரியில் கிரீனிச் பூங்காவில் வெடித்த குண்டு, அதைக் கையில் கொண்டுபோன பிரெஞ்சு இளைஞரைத் தவிர வேறு யாரையும் கொல்லவில்லை. 1911 ஜனவரியில் சிட்னி தெரு வீட்டுக்குள் இருந்து போலீசாரைச் சுட்ட லாட்வியர்கள் உண்மையில் அரசின்மைவாதிகள்தாமா என்பதே சர்ச்சைக்குரியது. உள்துறை அமைச்சராக இருந்த சர்ச்சில் தொப்பியும் கோட்டுமாக அங்கே போய் நின்று படத்தில் விழுந்திராவிட்டால், இந்தச் சம்பவம் இவ்வளவு காலம் நினைவில் இருந்திருக்குமா என்பது சந்தேகம்தான்.

அச்சகத்தில் பிழை திருத்துபவனாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். அதனால் இந்த வரலாற்றைப் படிக்கும்போது என் கண் வேறு இடத்துக்குப் போகிறது. யார் யாரைப் பிடித்து அடைத்தார்கள், எதற்காக அடைத்தார்கள் என்று பார்த்தால், பிரிட்டிஷ் அரசு மீண்டும் மீண்டும் கை வைத்தது மலிவான தாளில் அச்சான பத்திரிகைகளின் மீதுதான்.

ஆங்கிலச் சிந்தனையாளர் வில்லியம் காட்வினிலிருந்தே தொடங்கலாம். அரசு என்ற ஏற்பாடே தேவையில்லை என்று வாதிடும் பெருநூலை அவர் 1793-இல் வெளியிட்டார். அதற்குச் சில மாதங்களுக்கு முன்புதான், அந்த அளவுக்குத் தூரம் போகாத, ‘மனித உரிமைகள்’ நூலை எழுதிய தாமஸ் பெய்னை, அவர் நாட்டில் இல்லாதபோதே, ராஜதுரோக எழுத்துக்காகக் குற்றவாளி என்று தீர்ப்பளித்திருந்தார்கள். பெய்னின் நூல் மலிவுப் பதிப்பாகத் தொழிலாளர் கைக்குப் போய்க்கொண்டிருந்தது. காட்வினின் நூலோ ஒரு பவுண்டுக்கும் மேல் விலை. இவ்வளவு விலை கொடுத்து வாங்கக்கூடியவர்களால் ஆபத்து இல்லை என்று பிரதமர் பிட் விட்டுவிட்டதாக ஒரு கதை உண்டு. கதை உண்மையோ பொய்யோ, காட்வின்மீது வழக்கு வரவில்லை. அதுமட்டுமல்ல, முதுமையில் அவர் அதே அரசிடமிருந்து வேலையில்லாத உத்தியோகம் ஒன்றைப் பெற்று, குடியிருக்க வீடும் வாங்கிக்கொண்டார். கட்டுரையாளர் இதைச் சொல்லாமல் விட்டது மரியாதை கருதி என்று எடுத்துக்கொள்கிறேன்.

1892-இல் வால்சால் நகரில் குண்டு தயாரித்ததாக அரசின்மைவாதிகள் சிலருக்குப் பத்தாண்டு வரை தண்டனை விதித்தார்கள். அதில் தூண்டிவிட்டவர் போலீசிடம் பணம் வாங்கிய கையாள். இதைக் கண்டித்து ‘காமன்வீல்’ இதழில் ஆவேசமாக எழுதிய அதன் ஆசிரியர் டேவிட் நிக்கோலுக்குப் பதினெட்டு மாதச் சிறை. கையாளுக்கு ஒன்றும் ஆகவில்லை. கவிஞரும் சோஷலிசவாதியுமான வில்லியம் மோரிஸ் தொடங்கிவைத்த அந்த இதழைப் பற்றிக் கட்டுரையில் ஒரு வரி இருக்கிறது, நிக்கோல் இல்லை. 1886-இல் ருஷ்ய அரசின்மைவாதி கிரபோட்கினோடு சேர்ந்து ‘ஃப்ரீடம்’ பத்திரிகையைத் தொடங்கி அதன் ஆசிரியர் பொறுப்பைச் சுமந்த சார்லட் வில்சனும் இல்லை. கிரபோட்கினுக்கு மட்டும் படத்தோடு அரைப் பக்கம்!

எனக்கு மிகவும் குறையாகப் பட்டது 1909-ஆம் ஆண்டு விடுபட்டதுதான். இந்திய தேசியவாதி ஷியாம்ஜி கிருஷ்ணவர்மா நடத்திய ‘இந்தியன் சோஷியாலஜிஸ்ட்’ இதழ் லண்டனில் அச்சாகிக்கொண்டிருந்தது. அவர் அதற்குள் பாரிசுக்குப் போய்விட்டார். ஜூலை 1-ஆம் தேதி இந்திய மாணவர் மதன்லால் திங்ரா, பிரிட்டிஷ் அதிகாரி கர்சன் வைலியை லண்டனில் சுட்டுக் கொன்றதும் அரசின் பார்வை அச்சகத்தின் மீது திரும்பியது. கூலிக்கு அச்சிட்ட ஆர்தர் ஹார்ஸ்லிக்கு நான்கு மாதச் சிறை. திங்ராவுக்குத் தூக்குத் தண்டனை விதிக்கப்பட்ட அதே நாளில் இவருக்கும் தீர்ப்பு. இனி யார் அச்சிட்டாலும் இதே கதிதான் என்ற எச்சரிக்கையும் வந்தது.

அந்த எச்சரிக்கையைக் கேட்டுவிட்டுத்தான் கை ஆல்ட்ரெட் என்ற ஆங்கில அரசின்மைவாதி முன்வந்தார். வயது 22. ருஷ்ய அரசின்மைவாதி பகூனின் பெயரில் தாம் நடத்திய ‘பகூனின் பிரஸ்’ பெயரிலேயே அடுத்த இதழை வெளியிட்டார். இந்திய தேசியவாதிகளின் எல்லாக் கருத்தோடும் அவருக்கு உடன்பாடு கிடையாது. அச்சிடும் உரிமையை அரசு பறிக்கக் கூடாது என்பதே அவருடைய வாதம். செப்டம்பரில் ஓராண்டுக் கடுங்காவல் கிடைத்தது. வரகனேரி வ.வே.சு. ஐயரும், சென்னையில் பிறந்த எம்.பி.டி. ஆச்சார்யாவும் அந்நாளில், கிருஷ்ணவர்மா லண்டனில் தொடங்கிய இந்தியா ஹவுஸ் என்ற மாணவர் விடுதியின் வட்டத்தில் இருந்தவர்கள். அந்த ஆச்சார்யாதான் பின்னர் தாஷ்கண்டில் இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி உருவானபோது உடனிருந்து, அங்கிருந்து முரண்பட்டு வெளியேறி, 1954-இல் பம்பாயில் இறக்கும்வரை அரசின்மைவாதியாக வாழ்ந்தவர். தமிழ் இதழில் இவர்களுக்கு இடமில்லை என்றால் வேறு எங்கே இருக்கும்?

இரண்டாம் உலகப் போரின் கடைசி மாதங்களிலும் இதே கதைதான். ‘வார் காமெண்டரி’ என்ற பெயரில் வந்துகொண்டிருந்த போர் எதிர்ப்பு இதழின் ஆசிரியர் குழுவினர் நால்வரை, படைவீரர்களின் விசுவாசத்தைக் குலைக்கச் சதி செய்ததாக 1945 ஏப்ரலில் ஓல்ட் பெய்லி நீதிமன்றத்தில் நிறுத்தினார்கள். வெர்னான் ரிச்சர்ட்ஸ், ஜான் ஹியூட்சன், ஃபிலிப் சான்சம் மூவருக்கும் ஒன்பது மாதம். நான்காமவர் மேரி லூயிஸ் பெர்னேரி, ரிச்சர்ட்ஸின் மனைவி. கணவனும் மனைவியும் மட்டும் சேர்ந்து சதி செய்ய முடியாது என்பது அன்றைய ஆங்கிலச் சட்டம். அந்த ஓட்டை வழியே அவரை விடுவித்துவிட்டார்கள். இதழைத் தொடர்ந்து கொண்டுவந்தவர்களில் முக்கியமானவர் அவரே. இந்த வழக்கையொட்டி, குற்றஞ்சாட்டப்பட்டவர்களுக்காக எழுந்த பாதுகாப்புக் குழுவுக்குத் தலைவர் கவிஞர் ஹெர்பர்ட் ரீட், துணைத் தலைவர் எழுத்தாளர் ஜார்ஜ் ஆர்வெல்.

அரசுத் தரப்பு, சந்தா கட்டியிருந்த சில சிப்பாய்களைச் சாட்சிக்கு அழைத்தது. இதழைப் படித்ததால் தங்கள் விசுவாசம் குலையவில்லை என்று அவர்கள் சொல்லிவிட்டார்கள். அவர்களில் ஒருவர் காலின் வார்டு. இருபதைத் தாண்டியிராத அந்தச் சிப்பாய்தான் பின்னாளில் ‘அனார்க்கி’ என்ற மாத இதழை 1961 முதல் 1970 வரை 118 இதழ்கள் கொண்டுவந்தார். காய்கறித் தோட்டத் துண்டுநிலங்கள், குழந்தைகளின் விளையாட்டிடங்கள், வீடில்லாதவர்கள் தாமாகக் குடியேறிய ராணுவ முகாம்கள் என்று அவர் எழுதியவற்றில் குண்டு வாசனையே கிடையாது. 1946-இல் ஏறத்தாழ 40,000 பேர் ஆயிரத்துக்கும் மேற்பட்ட காலி முகாம்களில் புகுந்து, தண்ணீர், சமையல், குழந்தைப் பராமரிப்பு எல்லாவற்றையும் தங்களுக்குள் ஏற்பாடு செய்துகொண்டதை அவர் வாழ்நாள் முழுக்கச் சொல்லிவந்தார்.

கடைசியாக ஒன்று. கட்டுரையின் முடிவில் தனிமனித உரிமையும் தனிச்சொத்தும் பேசிய பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஹெர்பர்ட் ஸ்பென்சர், ஆபெரன் ஹெர்பர்ட் தொடங்கி பிரதமர் தாட்சர் காலச் சந்தைச் சுதந்திரவாதிகள் வரை எல்லாரையும் இதே மரத்தின் கிளைகளாகக் காட்டியிருப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. அரசைக் குறைக்க வேண்டும் என்பதில் இரு தரப்பும் ஒத்துப்போகலாம். சொத்து யாருடையது, முதலாளி எதற்கு என்ற கேள்வி வந்தால் இவர்கள் ஒரே மேசையில் உட்கார மாட்டார்கள். 1912-இல் ஜெர்மானிய அரசின்மைவாதி ருடால்ஃப் ராக்கர் லண்டன் கிழக்குப் பகுதியின் யூதத் தையல் தொழிலாளரை வேலைநிறுத்தத்துக்குத் திரட்டியது யாருக்கு எதிராக? பட்டறை முதலாளிகளுக்கு எதிராக. போலீஸ் தொல்லை போய்விட்டால் பட்டறை முதலாளி நல்லவராகிவிடுவார் என்று நினைத்தவர் அல்லர் ராக்கர்.

இந்தக் கட்டுரையை நூலாக்கும் எண்ணம் இருப்பதாக அடிக்குறிப்பில் பார்த்தேன். நூலில் ஆல்ட்ரெட்டுக்குத் தனி அத்தியாயம் தர முடியாவிட்டாலும் சில பக்கங்களாவது ஒதுக்கச் சொல்லுங்கள். எந்தக் கொள்கையும் பேசாமல், வந்த வேலையை அச்சிட்டுக் கொடுத்து நான்கு மாதம் உள்ளே இருந்த ஹார்ஸ்லியின் பெயரும் அதில் விடுபடாமல் பார்த்துக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற பிழை திருத்துநர்,
திருச்சி