'தி ராக்கெட்' திரையிடலுக்குத் தோள் கொடுத்தவர்களுக்கு

அன்பு நண்பர்களே,

ஒருவழியாகப் படத்தைப் போட்டுக் காட்டிவிட்டோம். சுவரொட்டியைப் பார்த்து "விண்வெளிப் படமா?" என்று கேட்டவர்களே ஆறேழு பேர். இது விண்ணில் பாயும் Rocket இல்லை, சட்டவிரோதத் தொழிலைக் குறிக்கும் Racket. தமிழில் எழுதினால் அப்படித்தான் படிக்கத் தோன்றும், தப்பு என்னுடையது. இது 1928-இல் ஹாவர்ட் ஹியூஸ் தயாரித்து, லூயிஸ் மைல்ஸ்டோன் இயக்கிய பேசாப்படம். ஒரு கள்ளச்சாராய தாதா, அவனுக்குத் துணைபோகும் அரசியல், எதற்கும் மசியாத ஒரு போலீஸ் கேப்டன், நடுவில் தாதாவின் செல்லத் தம்பி.

முதல் நன்றி, காட்சிகளுக்கு நடுவே வசனத்தைக் காட்டும் எழுத்து அட்டைகளைத் தமிழாக்கிய தோழிக்கு. 'ராக்கெட்' என்ற சொல் வந்த இடத்தில் நான் 'மோசடிக் கும்பல்' என்று எழுதிவைத்திருந்தேன். அதை அடித்துவிட்டு 'மாமூல்' என்று போட்டார். அரங்கம் சிரித்ததே, அந்தச் சிரிப்பு அவருக்குச் சேர வேண்டியது. ஓர் அட்டை திரையில் நிற்பது சில விநாடிதான். அதற்குள் படித்து முடிக்க முடிகிறதா என்று ஒவ்வொன்றையும் வாய்விட்டு வாசித்து, நீண்டதையெல்லாம் இரக்கமில்லாமல் வெட்டினார்.

அப்புறம் கீபோர்டு வாசித்த தம்பி. 84 நிமிடம் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. ஆனால் எனக்கு மறக்காதது அவர் வாசிக்காமல் விட்ட இடம். தாதாவாக நடித்த லூயிஸ் வோல்ஹைமின் அந்த நசுங்கிய மூக்கு முகம், தன் தம்பி பிடிபட்டான் என்றதும் இறுகுகிறதே, அங்கே கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். யாரோ இருமியதுகூடக் கேட்டது. ஒத்திகையில் இது இல்லை.

நடுவில் லேப்டாப் மக்கர் செய்தபோது எழுந்து போகாமல் இருந்தவர்களுக்கும், நாற்காலி தூக்கியவர்களுக்கும், ஸ்பீக்கர் தந்தவருக்கும் நன்றி.

முகம் தெரியாத சிலருக்கும் ஒரு நன்றி. அமெரிக்காவில் 1912 முதல் 1929 வரை வெளிவந்த சுமார் 11,000 முழுநீளப் பேசாப்படங்களில், மூல வடிவில் முழுதாக மிஞ்சியவை 14 சதவீதம்தான். முதல் ஆஸ்கரில் சிறந்த படத்துக்கான போட்டியில் இருந்த இந்தப் படமும் தொலைந்துவிட்டது என்றே பல காலம் நினைத்திருந்தார்கள். ஹியூஸின் சேகரிப்பில் இருந்த பிரதியால்தான் தப்பியது. அதைத் தூசு தட்டி எடுத்துச் சீர்செய்தவர்கள் இல்லையென்றால் நமக்கு ஏது அந்த மாலை?

சரி, கடைசியாக ஒன்று. ஸ்பீக்கர் வயர் ஒன்று என் பையோடு வந்துவிட்டது. கறுப்பு, முனையில் சிவப்பு டேப் சுற்றியது. யாருடையது?

அன்புடன்,
திரையிடலை ஏற்பாடு செய்தவன்